"அவர்தான் மறுமணம் செய்துவிட்டாரே" என்று சொல்லி அனுப்பாதீர்கள்: புதுக்கடைச் சட்டத்தரணிகளுக்கு ஒரு திறந்த மடல்

கொழும்பின் நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடையில் விவாகரத்து வழக்கு எடுக்கும் சட்டத்தரணிகள் எல்லோருக்கும் வணக்கம். தனக்குத் தெரியாமலே விவாகரத்து முடிந்துவிட்ட ஒருவர் உதவி கேட்டு வரும்போது, மற்றவர் மறுமணம் செய்துவிட்டார் என்று சொல்லித் திருப்பி அனுப்புவதைப் பற்றித்தான் இந்த மடல்.

உங்களில் பலருக்கு என் முகம் தெரியும். சிங்களத்தில் வரும் தீர்ப்பாணைகளையும் பிறப்பு, விவாகப் பதிவுகளையும் தமிழுக்கும் ஆங்கிலத்துக்கும் மாற்றிக் கொடுக்கும் சத்தியப் பிரமாண மொழிபெயர்ப்பாளர் நான். "இதை மொழிபெயர்த்து எடுத்துக்கொண்டு வாருங்கள்" என்று நீங்கள் அனுப்பும் ஆட்கள் என் மேசைக்கு முன்னால் கிடக்கும் பிளாஸ்டிக் கதிரையில்தான் வந்து உட்காருகிறார்கள். நான் சட்டம் படித்தவள் அல்ல. ஆனால் 19 வருடமாக மற்றவர்களின் விவாகரத்தை வரி வரியாக வாசித்து எழுதி வருகிறேன், எந்த வரிக்கு ஆள் அழும் என்று எனக்குத் தெரியும்.

போன மாசி மாதம் ஒரு பெண் வந்தார். கொட்டாஞ்சேனையில் ஒரு அறை எடுத்து, தையல் வேலை செய்து, ஒரு மகளை வளர்க்கிறவர். கணவர் வெளிநாட்டில். மாதாமாதம் வந்த தாபரிப்புப் பணம், அதாவது அவர்களின் செலவுக்குக் கணவர் தர வேண்டிய பணம், நின்றுபோக, அதைக் கேட்டு நீதிமன்றம் போன அன்று மறுபக்கத்திலிருந்து ஒரு கடதாசியை நீட்டியிருக்கிறார்கள். விவாகரத்து இறுதித் தீர்ப்பாணை. அவருக்கு விவாகரத்து ஆகி 14 மாதம் என்று அன்றுதான் அவருக்கே தெரியும். எல்லாம் சிங்களத்தில் இருந்ததால் முழுதாக என்ன எழுதியிருக்கிறது என்று தெரிந்துகொள்ள என்னிடம் கொண்டுவந்தார்.

நான் வாசித்துக் காட்டினேன். விவாகம் கலைக்கப்பட்டது என்ற வரிக்கு அவர் ஒன்றும் சொல்லவில்லை. "பிரதிவாதி வன்மத்துடன் வாதியைக் கைவிட்டுச் சென்றார்" என்ற வரிக்குத்தான் அழுதார். விட்டுப் போனது அந்த மனிதர், கைவிட்டவள் என்று பெயர் வாங்கியது இவர். நீதிமன்றத்துக்கு வரச் சொல்லும் அழைப்பாணை எங்கே கொடுக்கப்பட்டது என்று வழக்குக் கோவையைப் பார்த்தால், வெள்ளவத்தையில் ஒரு வீட்டுக் கதவில் ஒட்டியதாக அறிக்கை இருக்கிறது. அந்த வீட்டை அவர்கள் காலி செய்து 4 வருடம். அவருடைய புதிய முகவரி கணவருக்குத் தெரியாததா என்றால், அந்த முகவரிக்குத்தானே அவ்வளவு காலமும் பணம் வந்தது.

இந்தக் கோவையைக் கட்டிக்கொண்டு அவர் ஒரு சட்டத்தரணியிடம் போனார். அவர் புரட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னது: "அவர்தான் மறுமணம் செய்துவிட்டாரே அம்மா, பிள்ளையும் பிறந்துவிட்டது, இனி என்னத்தை வழக்குப் பேசுவது." அவ்வளவுதான். கோவை திரும்பி வந்துவிட்டது.

யார் அந்தச் சட்டத்தரணி என்று நான் எழுதப் போவதில்லை, ஏனென்றால் இந்த வசனத்தைச் சொன்னவர் அவர் ஒருவர் மட்டுமல்ல. வருடத்துக்கு நாலைந்து தடவையாவது என் மேசையில் இது வந்து விழுகிறது. சொல்கிறவர்கள் கெட்ட எண்ணத்தில் சொல்வதில்லை, அநேகமாக அந்தப் பெண்ணுக்கு வீண்செலவு வேண்டாமே என்ற இரக்கத்தில்தான் சொல்கிறார்கள் என்றும் எனக்குப் புரிகிறது. ஆனால் அது சட்டம் அல்ல, சட்டம் போல் காதில் விழும் ஒரு வசனம். கேட்கிற ஆள் அதைத் தீர்ப்பு என்று நினைத்து வீட்டுக்குப் போய்விடுகிறார்.

உங்களுக்குத் தெரிந்ததைத்தான் நான் திருப்பிச் சொல்கிறேன், வாசிக்கிற மற்றவர்களுக்காகப் பொறுத்துக்கொள்ளுங்கள். முஸ்லிம் விவாகமும் கண்டிய விவாகமும் வேறு சட்டத்தில் போகின்றன, அவற்றை விட்டுவிடுவோம். பொதுச் சட்டத்தில் எங்கள் நாட்டு விவாகரத்து மாவட்ட நீதிமன்றத்தில் இரண்டு படியில் நடக்கிறது. முதலில் நைசை என்று நீங்கள் சொல்லும், இன்னும் இறுதியாகாத தீர்ப்பாணை வருகிறது. அதற்குப் பிறகு குறைந்தது 3 மாதம் போனால்தான் அது அப்சொலுட் ஆக, அதாவது இறுதித் தீர்ப்பாணை ஆக முடியும். இடையில் இருக்கிற அந்த மாதங்களில் இரண்டு பேரும் சட்டப்படி இன்னும் கணவன் மனைவிதான். வழக்காடித் தோற்ற ஆள் மேன்முறையீடு செய்வதென்றால் 14 நாளுக்குள் அறிவித்தல் கொடுத்து, தீர்ப்பிலிருந்து 60 நாளுக்குள் மேன்முறையீட்டு மனு போட வேண்டும். ஆள் வராமல் ஒருதலைப்பட்சமாக முடிந்த வழக்கென்றால் பாதை வேறு: அந்தத் தீர்ப்பாணை தன் கையில் சேர்ந்த நாளிலிருந்து 14 நாளுக்குள், தான் வராமல் போனதற்கு நியாயமான காரணம் இருந்தது என்று மனுவும், சொல்வது உண்மை என்று சத்தியம் செய்து கையெழுத்திடும் சத்தியக்கடதாசியும் போட்டு, அதை நீக்கக் கேட்க வேண்டும். குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 86ஆம் பிரிவு இதைத்தான் சொல்கிறது. இந்த இடத்தில் எங்கேயும் "மற்றவர் மறுமணம் செய்திருந்தால் இந்த வழி மூடப்படும்" என்று எழுதவில்லை.

அப்புறம், அந்த 14 நாள் எப்போது தொடங்குகிறது? சேர்ந்த நாளிலிருந்து. தீர்ப்பாணை மட்டுமல்ல, அழைப்பாணையே சேரவில்லையென்றால்? அழைப்பாணை சேராத ஒருவர் மேல் நீதிமன்றத்துக்கு நியாயாதிக்கமே, அதாவது வழக்கைத் தீர்க்கும் அதிகாரமே வராது, அப்படிக் கொடுத்த தீர்ப்பு செல்லாது என்று எங்கள் உயர் நீதிமன்றம் 1981இலேயே சொல்லியிருக்கிறது. நீங்கள் எல்லோரும் மேற்கோள் காட்டும் தீர்ப்புத்தான் அது. காணி வழக்கில் அதை எடுத்துப் பேசும் நீங்கள் ஒரு தையல்காரப் பெண்ணின் விவாகரத்தில் ஏன் அதை மறந்துவிடுகிறீர்கள் என்றுதான் நான் கேட்கிறேன்.

அவருக்கு இது சுலபம் என்று நான் சொல்லவில்லை. கதவில் ஒட்டினேன் என்று ஒரு அறிக்கை கோவையில் இருந்தால் அது நடந்ததாகத்தான் நீதிமன்றம் முதலில் எடுத்துக்கொள்ளும், இல்லை என்று காட்டும் பாரம் இவர் தலையில். வீட்டுச் சொந்தக்காரரின் கடிதம், கிராம சேவகரின் பதிவு, மின்சார பில், பிள்ளையின் பள்ளிக்கூட அனுமதிக் கடதாசி, பணம் வந்த வங்கிப் புத்தகம் என்று ஒவ்வொன்றாகச் சேர்க்க வேண்டும். அதற்குத்தான் ஒரு சட்டத்தரணி வேண்டும். அந்த இடத்தில் கோவையைத் திருப்பிக் கொடுத்தால் அவர் யாரிடம் போவது?

மறுமணத்தால் ஒன்றுமே மாறாது என்றும் நான் எழுத மாட்டேன், அது பொய். மீளாய்வு மனுவோ, நடந்ததை முன்னிருந்த நிலைக்குத் திருப்பும்படி மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் கேட்கும் மனுவோ நீதிமன்றத்தின் தற்றுணிபில், அதாவது தருவதா மறுப்பதா என்று நீதிபதிகளே எடுக்கும் முடிவில் தங்கியிருப்பவை. அங்கே தாமதம் பார்ப்பார்கள். தெரிந்திருந்தும் வருடக்கணக்காகப் பேசாமல் இருந்துவிட்டு, மற்றவர் குடும்பம் ஆன பிறகு வந்தால், ஏன் இவ்வளவு நாள் என்று கேட்பார்கள், கேட்க வேண்டியதும்தான். தான் தோற்ற அதே தீர்ப்பாணையைக் காட்டித் தானே மறுமணம் செய்துகொண்டவர், பிறகு அந்தத் தீர்ப்பாணை பிழை என்று சொல்ல வந்தால் அவர் நிலை இன்னும் மோசம். ஒரே கடதாசியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு மறு கையால் கிழிக்க முடியாது. அதெல்லாம் சரி. ஆனால் தெரிந்த அன்றே ஓடி வந்த ஒரு பெண்ணை, மற்றவர் முந்திக்கொண்டார் என்பதற்காக வாசலில் நிறுத்துவது வேறு விஷயம்.

"அவரைத் திரும்பக் கூட்டிக்கொண்டு வந்து வாழப் போகிறீர்களா?" என்று சிலர் கேட்பதையும் கேட்டிருக்கிறேன். யாரும் அதற்காக வருவதில்லை. எங்கள் சட்டத்தில் குற்றம் காட்டாமல் விவாகரத்து இல்லை. 1907ஆம் ஆண்டின் விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டம் சொல்வது மூன்று காரணம்தான்: பிறர்மனைத் தொடர்பு, வன்மத்துடன் கைவிடல், விவாகத்தின்போதே இருந்த தீராத ஆண்மைக் குறைபாடு. ஆகவே விவாகரத்து என்றாலே ஒருவர் குற்றவாளியாக எழுதப்படுகிறார், அது கோவையில் நிரந்தரமாக இருக்கிறது. அதைவிடப் பெரியது பணம். 1999ஆம் ஆண்டின் தாபரிப்புச் சட்டம் வாழ்க்கைத்துணைக்குத்தான் தாபரிப்புத் தருகிறது, விவாகரத்து இறுதியானால் அந்தப் பெண்ணின் பங்கு நிற்கிறது, பிள்ளையின் பங்கு மட்டும்தான் தொடரும். விவாகரத்துக்குப் பிறகு தனக்கு என்ன வேண்டும், நிரந்தரத் தொகையா, மாதாந்தமா, வீட்டில் ஒரு பங்கா என்று அவர் கேட்டிருக்கக்கூடிய ஒரே இடம் அந்த வழக்குத்தான். அந்த வழக்கு அவர் இல்லாமலே நடந்து முடிந்துவிட்டது. இப்போது அவர் கேட்பது அந்த மனிதரை அல்ல, நீதிமன்றத்தில் தன் பக்கத்தைச் சொல்ல ஒரு தவணை நாள்.

இனி மற்றப் பக்கத்துக்கு வருகிறேன், ஏனென்றால் மற்றப் பக்கமும் இதே கதிரையில்தான் வந்து உட்கார்ந்தது.

இரண்டு வருடத்துக்கு முன் தெஹிவளையிலிருந்து ஒருவர் வந்தார், முப்பத்தைந்து வயதிருக்கும், நல்ல மனிதர். பெண் வீட்டார் வெளிநாட்டில், அவர்களுக்கு அனுப்ப ஆங்கில மொழிபெயர்ப்பு அவசரமாக வேண்டும் என்றார். வெள்ளவத்தையில் மண்டபம் எடுத்தாயிற்று, ஐயர் நாள் பார்த்தாயிற்று. கடதாசியைப் பார்த்தால் அது நைசை, தேதி போட்டு ஆறு கிழமைதான் ஆகியிருந்தது. நான் அவரிடம் இது இறுதி இல்லை தம்பி என்று சொன்னபோது அவர் நம்பவே இல்லை. அங்கேயே நின்று தன் சட்டத்தரணிக்கு அழைத்தார். "டிவோர்ஸ் கிடைத்துவிட்டது என்றுதானே சேர் சொன்னீர்கள்" என்று அவர் கேட்டதும், அந்தப் பக்கத்திலிருந்து "கிடைத்ததுதான், ஆனால்" என்று தொடங்கியதும் எனக்குக் கேட்டது. அந்த "ஆனால்" முதல் நாளே சொல்லப்பட்டிருக்க வேண்டும். முன்னைய விவாகம் சட்டப்படி கலையாமல் செய்யும் விவாகம் செல்லாது என்று அதே கட்டளைச் சட்டம் சொல்கிறது. தண்டனைச் சட்டக்கோவையின் 362ஆ பிரிவில் அதற்கு 7 வருடம் வரை சிறை இருக்கிறது. தெரியாமல் ஒரு நல்ல மனிதர் அதற்குள் நடந்து போகப் பார்த்தார். மண்டபத்துக்குக் கட்டிய முற்பணம் போயிற்று, ஆனால் கலியாணம் பிறகு ஒழுங்காக நடந்தது, பலகாரப் பெட்டி ஒன்று எனக்கும் வந்தது.

அவர் தப்பினார். தப்பாத ஒருவரும் வந்தார், அவர் ஒருவரின் இரண்டாவது மனைவி. முதல் மனைவி தீர்ப்பாணையை நீக்கக் கேட்டுப் போட்ட மனுவின் பிரதியைக் கொண்டுவந்து வாசிக்கச் சொன்னார். கலியாணத்துக்கு முன் இறுதித் தீர்ப்பாணையைப் பார்த்தவர், பதிவாளரும் பார்த்துத்தான் பதிந்தார், ஒரு பிழையும் செய்யாதவர். மடியில் ஒன்றரை வயதுப் பிள்ளை. நான் வாசித்து முடித்ததும் அவர் கேட்டது: "அக்கா, அது நீங்கிப்போனால் அப்போது நான் அவருக்கு யார்?" எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை, இன்றைக்கும் தெரியாது.

இவரை நினைத்துத்தான் நீங்கள் அந்த வசனத்தைச் சொல்கிறீர்கள் என்றால், உங்கள் இரக்கம் பிழையான இடத்தில் வேலை செய்கிறது என்று நான் நினைக்கிறேன். இவரை இந்த நிலைக்குக் கொண்டுவந்தது முதல் மனைவி போட்ட மனு இல்லை. வழக்குத் தொடங்கியபோது சரியான முகவரியில் அழைப்பாணை போயிருந்தால், தீர்ப்பாணை அந்தப் பெண்ணின் கையில் கொடுக்கப்பட்டிருந்தால், அவருடைய 14 நாள் அன்றே ஓடத் தொடங்கியிருக்கும். அவர் வந்து வாதாடியிருப்பார், அல்லது வராமல் விட்டிருப்பார், எப்படியோ கேள்வி அங்கேயே முடிந்திருக்கும். பிறகு வரும் மறுமணத்துக்கு உறுதியான தரை கிடைத்திருக்கும். பழைய முகவரி ஒன்றைக் கொடுத்து, கதவில் ஒட்டி, சத்தமில்லாமல் எடுத்த தீர்ப்பாணையில்தான் இரண்டாவது குடும்பம் ஆடிக்கொண்டே இருக்கிறது. ஒழுங்காகச் சேர்ந்த அழைப்பாணை முதல் மனைவிக்கு மட்டும் பாதுகாப்பு இல்லை, இரண்டாவது மனைவிக்கும் அவர் பிள்ளைக்கும் அதுதான் பாதுகாப்பு. இதைத்தான் இந்த மடலில் நான் சொல்ல வந்தேன்.

ஆகவே வாதிக்காகத் தோன்றும் சட்டத்தரணிகளே, கட்சிக்காரர் ஒரு முகவரி சொன்னால் அதோடு நிறுத்தாதீர்கள். கடைசியாக எப்போது கதைத்தீர்கள், பிள்ளை எந்தப் பள்ளிக்கூடம், பணம் எங்கே போகிறது, மாமனார் வீடு எங்கே என்று கேளுங்கள். வட்ஸ்அப்பில் தினமும் பிள்ளையோடு கதைக்கிற மனிதர் மனைவியின் முகவரி தெரியாது என்று சத்தியக்கடதாசியில் கையெழுத்து வைப்பதை, தயவுசெய்து, நீங்கள் எழுதிக் கொடுக்காதீர்கள். அது நாளைக்கு அவருடைய புதுக் குடும்பத்தின் மேல்தான் விழும் என்று அவருக்கே சொல்லிப் பாருங்கள், அநேகமானவர்கள் உடனே சரியான முகவரியைத் தருவார்கள்.

மொழியைப் பற்றியும் சொல்ல வேண்டும், அது என் தொழில். கொழும்பில் நீதிமன்றப் பதிவு சிங்களத்தில் இருப்பது பற்றி நான் குறை சொல்லவில்லை. ஆனால் நீதிமன்ற மொழி தெரியாத தரப்பினருக்கு அரசு செலவில் மொழிபெயர்ப்புக் கேட்க உரிமை உண்டு என்று அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரையில் இருக்கிறது. எத்தனை பேர் அதைக் கேட்டுப் பெறுகிறார்கள்? கொச்சிக்கடையில், வெள்ளவத்தையில், மட்டக்குளியில் தமிழ் மட்டும் வாசிக்கத் தெரிந்த ஒரு பெண்ணின் கையில் சிங்களத் தீர்ப்பாணை ஒன்று கிடைத்தால், அவர் முதலில் பக்கத்து வீட்டுப் பிள்ளையிடம் காட்டுவார், பிறகு தம்பி ஞாயிற்றுக்கிழமை வரும்வரை காத்திருப்பார், பிறகு என்னிடம் வருவார். 14 நாளில் பத்து நாள் அதிலேயே போய்விடும். நான் இப்போது விவாகரத்துக் கடதாசி என்றால் வரிசையை விட்டு முதலில் எடுக்கிறேன், கூலி பிறகு தரலாம் என்கிறேன். ஆனால் என்னிடம் வந்து சேர்வதற்குள் போன நாளை என்னால் திருப்பித் தர முடியாது. தீர்ப்பாணையைக் கையில் கொடுக்கும்போதே "இது கிடைத்து 14 நாளுக்குள் நீங்கள் நீதிமன்றத்துக்கு வரலாம்" என்று ஒரே ஒரு வரி தமிழில் இருந்தால் போதும். நீங்கள் மனம் வைத்துக் கேட்டால் நீதிமன்றம் மறுக்கும் என்று நான் நினைக்கவில்லை.

இன்னொன்று. எங்கள் ஆட்கள் இப்போது தமிழ்நாட்டு வழக்கறிஞர்களின் யூடியூப் காணொளிகளைப் பார்த்துவிட்டு "90 நாள் இருக்கிறதே அக்கா" என்று என்னிடம் சொல்கிறார்கள். அது இந்தியச் சட்டம். அங்கே இந்துத் திருமணச் சட்டத்தில் மேன்முறையீட்டுக் காலம் 2003இல் 90 நாளாக்கப்பட்டது, குடும்ப நீதிமன்றச் சட்டமோ 30 நாள் என்கிறது, எது பொருந்தும் என்று அவர்களே வழக்காடியிருக்கிறார்கள். இந்துத் திருமணச் சட்டத்தின் 15ஆம் பிரிவு, மேன்முறையீட்டுக் காலம் முடிந்த பிறகோ மேன்முறையீடு தள்ளுபடியான பிறகோதான் மறுமணம் செய்யலாம் என்கிறது. அவசரமாக மறுமணம் செய்து மற்றவரின் மேன்முறையீட்டு வாய்ப்பைப் பறிக்க முடியாது என்று 1960களிலேயே இந்திய உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது, புது மனைவிக்குப் பிள்ளை பிறந்திருந்த வழக்கு அது. 2018இல் அதே நீதிமன்றம், சமரசமாகி மேன்முறையீட்டைத் திரும்பப் பெறும் மனு போட்ட பிறகு, தள்ளுபடி உத்தரவு வருவதற்கு முன் நடந்த மறுமணம் செல்லாததாகிவிடாது என்றும் சொன்னது. இரண்டையும் சேர்த்து வாசித்தால் ஒரு நிதானம் தெரிகிறது, எனக்கு அது பிடித்திருக்கிறது. ஆனால் அந்த நாள் கணக்கை இங்கே பிடித்துக்கொண்டு 14 நாளைத் தொலைத்தவர்களைக் கண்டிருக்கிறேன். உங்கள் கட்சிக்காரர் எதைப் பார்த்துவிட்டு வந்தாலும், உட்காரவைத்து எங்கள் கணக்கை ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள்.

நைசை வந்த அன்றைக்கு வாதிக்கும் அப்படியே எழுதிக் கொடுங்கள்: இந்தத் தேதிக்கு முன் இறுதியாகாது, இறுதித் தீர்ப்பாணையின் அத்தாட்சிப்படுத்திய பிரதி கையில் வரும்வரை மண்டபம் எடுக்க வேண்டாம், மேன்முறையீடு இருந்தால் அது முடியும்வரை பொறுங்கள், மற்றவருக்குத் தீர்ப்பாணை உண்மையிலேயே சேர்ந்ததா என்று கோவையில் பாருங்கள். நாலு வரி. வாயால் சொன்னால் சந்தோஷத்தில் யாருக்கும் காதில் ஏறாது.

கொட்டாஞ்சேனைப் பெண் கடைசியில் ஒரு இளம் சட்டத்தரணியைக் கண்டுபிடித்தார். அவர் மனுவை எடுத்தார், சத்தியக்கடதாசிக்கு இணைக்க வேண்டிய ஒன்பது கடதாசிகளை நான் மொழிபெயர்த்துக் கொடுத்தேன். மறுபக்கத்தார் முதல் தவணையிலேயே கணவரின் புது விவாகச் சான்றிதழை நீட்டினார்களாம். அதைப் பிறகு பார்ப்போம், முதலில் அழைப்பாணை எங்கே போனது என்று சொல்லுங்கள் என்று நீதிபதி கேட்டாராம். அடுத்த தவணைக்கு வெள்ளவத்தை வீட்டுச் சொந்தக்காரர் சாட்சி சொல்ல வருகிறார்.

நான் எழுதிய அந்த நாலு வரித் தாள், தமிழிலும் சிங்களத்திலும் தட்டெழுதியபடி, என் மேசையில் இருக்கிறது. யாருக்கு வேண்டுமானாலும் காசில்லாமல் தருகிறேன். வந்து ஒரு கட்டு எடுத்துக்கொண்டு போங்கள்.

இப்படிக்கு,
சத்தியப் பிரமாண மொழிபெயர்ப்பாளர் ஒருவர்,
புதுக்கடை, கொழும்பு 12